எமன் சாருக்குச் சர்க்கரை இல்லாத டீ

அந்தப் பேரை அவள் முதன்முதலில் கேட்டது ஒரு பிரிவுபசார விழாவில். ஆபீசில் யாரோ ஓய்வு பெறுகிறார் என்று எல்லாரையும் குடும்பத்தோடு கூப்பிட்டிருந்தார்கள். மின்விசிறிகள் கடகடவென்று சத்தம் போடும் நீளமான ஹால். தட்டு நிறைய டம்ளர்களோடு வந்த கேன்டீன்காரர் ஒரு டம்ளரை மட்டும் தனியாகத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, "இதை யாரும் எடுத்துடாதீங்க. எமன் சாருக்கு, சர்க்கரை இல்லாதது" என்றார்.

அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. "எமனுக்கே சர்க்கரை வியாதியாம்டி" என்று பக்கத்தில் இருந்த தம்பி மனைவியின் விலாவில் இடித்தாள். யார் அந்த மகானுபாவர் என்று கழுத்தை நீட்டிப் பார்த்தாள். மூலையில் பெரிய மீசையும் தொப்பையுமாக ஒருத்தர் உட்கார்ந்திருந்தார். அவராகத்தான் இருக்கும் என்று நினைத்தாள். டம்ளர் அவரைத் தாண்டியது, அவருக்கு அடுத்தவரையும் தாண்டியது. கடைசியில் நேராக வந்து, அவளுக்கு வலப்பக்கம் பல்லைக் குத்திக்கொண்டு உட்கார்ந்திருந்த அவளுடைய வீட்டுக்காரர் கையில் இறங்கியது.

அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. கட்டின நாளிலிருந்து இந்த மனுஷன் யாரையும் அதட்டி ஒரு வார்த்தை பேசி அவள் பார்த்ததில்லை. கேஸ் சிலிண்டர் கொண்டுவருகிறவன் அதட்டினாலே ரெண்டடி பின்னால் போகிறவர். சட்டை எடுக்கக் கடைக்குப் போனால் நீலமா பழுப்பா என்று மதியம் வரைக்கும் நின்றுவிட்டு, கடைசியில் "நீயே சொல்லேன்" என்று அவள் முகத்தைப் பார்க்கிறவர். இவருக்கா இந்தப் பேர்?

வீட்டுக்கு நடந்து வரும்போது கேட்டாள். "எதுக்குங்க உங்கள அப்படிக் கூப்பிடறாங்க?"

"அதுவா? கேரம் ஆடும்போது அடுத்தவன் காயெல்லாம் பாக்கெட்ல தள்ளிடுவேன். அதுக்கு வச்ச பேரு."

"நீங்களா? கேரமா? வீட்ல தம்பி பொண்ணுகிட்டயே தோத்துப் போறீங்க!"

"ஆபீஸ்ல நல்லா ஆடுவேன்" என்றார். அதோடு விட்டுவிட்டாள். அந்த ஊரில் குடும்பம் நடத்துகிற பெண்கள் அப்படித்தான், இரண்டாவது கேள்வி கேட்க மாட்டார்கள். கடற்கரையோரம் கம்பி வேலி, வேலிக்குள் ஏவுதளம், வேலிக்கு வெளியே வரிசையாகக் குடியிருப்பு. நாட்டுப் பாதுகாப்புக்கு ஏவுகணை செய்து பார்க்கிற இடம் என்று பால்காரருக்குக்கூடத் தெரியும். ஆனால் அதில் யார் என்ன வேலை செய்கிறார் என்று மட்டும் ஒரு வீட்டுக்கும் தெரியாது. "ஆபீஸ் எப்படி?" என்றால் "போச்சு", "சாப்பாடு?" என்றால் "ஆச்சு". அதற்கு மேல் வாயைத் திறக்க மாட்டார்கள். திறந்தால் வேலை போய்விடும்.

அவருடைய பூர்வீகம் இப்படி. அவளுடைய பெரியம்மாவின் ஓரகத்திக்கு ஒரு தம்பி, அந்தத் தம்பியின் இரண்டாவது மகன்தான் இவர். தூரத்து உறவு என்று சொல்லலாம், உறவே இல்லை என்றும் சொல்லலாம். அப்பா ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருந்தார். இவர் நடக்கப் பழகும் முன்பே ஸ்பீக்கரைக் கழற்றப் பழகியவர். தளத்தில் ரேடியோ கருவிகள் பார்க்க ஆள் எடுத்தபோது உள்ளே போனார். அதற்குப் பிறகு உள்ளே எந்த அறையிலிருந்து எந்த அறைக்கு மாறினார் என்பது அவளுக்குத் தெரியாது. அவளைப் பொறுத்தவரை அவர் ரேடியோக்காரர்.

அவளுக்கு இரண்டே பேர்தான் சொந்தம் என்று இருந்தார்கள். ஒன்று இவர், இன்னொன்று தம்பி.

தம்பி பிறந்த ஜுரத்தில் அம்மா போய்விட்டாள். அப்பா வேறு வீடு பார்த்துக்கொண்டார். இவள்தான் ஒரு பழைய தையல் மெஷினை மிதித்துத் தம்பியை வளர்த்தாள். மெஷினுக்கு அடியில் துணி விரித்து அவனைத் தூங்க வைப்பாள். மிதிக்கிற சத்தம் நின்றால் பிள்ளை விழித்து அழுவான். படித்தான், மேலே மேலே படித்தான். பெரிய இன்ஜினியராகி அதே தளத்துக்கு வந்து சேர்ந்தான். ஒரு பெரிய கூட்டமே அவன் கீழே வேலை செய்கிறது என்று கேள்வி. அவன் மனைவி குடியிருப்புப் பள்ளிக்கூடத்தில் டீச்சர். ஒரே மகள், குட்டி. இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரு தண்ணீர்த் தொட்டிதான். விடுமுறை நாளென்றால் எல்லாருக்கும் அவள் வீட்டில்தான் மதியச் சாப்பாடு. மீனைப் பொரிக்கப் பொரிக்க மாமனும் மாப்பிள்ளையும் சட்டி ஓரத்தில் நின்றே தின்று தீர்ப்பார்கள்.

இதில் அவளுக்கு ஒரே ஒரு தலைவலி. அவ்வப்போது இந்த இரண்டு ஆம்பளைகளுக்கும் மனஸ்தாபம் வந்துவிடும். நேற்றுவரை கட்டிப்பிடித்துச் சிரித்தவர்கள் திடீரென்று எதிரில் வந்தால் எதிர்ப்பக்கம் திரும்பிக்கொள்வார்கள். ஒரு தடவை, ஏணியை வாங்கிக்கொண்டு போனவன் திருப்பித் தரவில்லை என்று காரணம். இன்னொரு தடவை, மாமா குடையை உடைத்துவிட்டார் என்று காரணம்.

"ஒரு ஏணிக்கா இப்படி மூஞ்சியத் தூக்கி வச்சுக்கிறீங்க? வெக்கமா இல்ல?" என்று இவரைக் கேட்பாள்.

"உன் தம்பிய மொதல்ல ஏணியக் கொண்டாரச் சொல்லு" என்பார் இவர், செய்தித்தாளிலிருந்து தலையை எடுக்காமல்.

டிபன் கேரியரைத் தூக்கிக்கொண்டு தண்ணீர்த் தொட்டியைச் சுற்றி இந்த வீட்டுக்கும் அந்த வீட்டுக்கும் நடப்பாள். அவனிடம் இவரைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை, இவரிடம் அவனைப் பற்றி நாலு வார்த்தை. வாரக் கணக்கில் இழுத்து, ஒருநாள் இரண்டு பேரும் ஒன்றுமே நடக்காத மாதிரி வந்து சட்டி ஓரத்தில் நிற்பார்கள். "நான் இல்லேன்னா இந்தக் குடும்பம் எப்பவோ ரெண்டா உடஞ்சிருக்கும்" என்று துணி கொடுக்க வருகிறவர்களிடமெல்லாம் பெருமையாகச் சொல்லிக்கொள்வாள்.

அந்தத் தடவையும் அப்படித்தான் ஒரு மனஸ்தாபம் ஓடிக்கொண்டிருந்தது. காரணம், கொடியில் காயப்போட்ட துண்டை மாற்றி எடுத்துக்கொண்டு போய்விட்டார்களாம். "துண்டா! அடுத்து கர்சீப்புக்குச் சண்ட போடுவீங்களா?" என்று அவள் தலையில் அடித்துக்கொண்டாள்.

சோதனை நாள் எது என்று யாரும் சொல்லமாட்டார்கள். பெண்களுக்குத் தெரிந்துவிடும். கடற்கரைச் சாலையில் தடுப்பு வைப்பார்கள். மீன்காரி வரமாட்டாள். ஆண்கள் காலையிலேயே முகத்தை மழமழவென்று சவரம் செய்துகொண்டு, சாப்பாட்டைக் கொறித்துவிட்டுப் போவார்கள். அன்றைக்கு விடுமுறை நாள். டீச்சர் குட்டியைக் கூட்டிக்கொண்டு வந்து, "அண்ணி, இவரு நேத்து ஒரு பொட்டுகூடத் தூங்கல. இன்னைக்கு இவரோடதுதான்னு நினைக்கிறேன்" என்றாள் குரலைத் தாழ்த்தி.

அவளுக்கு மெஷினில் கை ஓடவில்லை. தைத்துக்கொண்டிருந்த பள்ளிச் சீருடையை அப்படியே போட்டுவிட்டு மொட்டை மாடிக்கு ஓடினாள். அங்கே ஏற்கெனவே குடியிருப்பே கூடியிருந்தது. கூடாது என்று சுற்றறிக்கை இருக்கிறது, இருந்தும் வருவார்கள். வானத்தில் வருகிற எதிரி விமானத்தைத் தானே தேடிப் போய் அடிக்கிற ஏவுகணை என்று மாடியில் பேசிக்கொண்டார்கள். யாருக்கு யார் சொன்னார்கள் என்று யாருக்கும் தெரியாது. நடுவானத்தில் வெடித்தால் ஜெயம், அவ்வளவுதான் மாடிக்காரர்கள் கணக்கு.

கிளம்பியது. முதலில் புகை, பிறகுதான் சத்தம். கடலைப் பார்த்துப் போனது. போகப் போக வளைந்தது. புகைக்கோடு அழகாகத் திரும்பி அவர்கள் பக்கமாகவே வந்தது. "நமக்குக் காட்டவே வருதுடி!" என்றாள் யாரோ. குட்டி அவள் தோளில் ஏறி நின்றது. பளீரென்று ஒரு வெளிச்சம். பிறகு காது அடைக்கிற மாதிரி ஒரு வெடி. மாடிக் கைப்பிடிச் சுவர் கிடுகிடுத்தது.

மாடியே கைதட்டியது. இவ்வளவு பக்கத்தில் யாரும் பார்த்ததில்லை. அவள் கைதட்டினாள், குட்டியின் கையைப் பிடித்தும் தட்டினாள், அழுதாள். மெஷினுக்கு அடியில் தூங்கின பிள்ளை! பள்ளிக்கூட மைதானத்தில் ஏதோ விழுந்து புகைந்தது, காவலர்கள் ஓடிப்போய்ச் சுற்றி நின்றார்கள். அடிபட்ட இலக்கின் துண்டாக இருக்கும் என்று மாடியிலேயே முடிவு செய்துகொண்டார்கள்.

சாயங்காலம் ஆபீஸ் வேன் வந்து நின்றது. அவள் ஓட்டமாக ஓடி, இறங்கின தம்பியை நடுத்தெருவில் கட்டிக்கொண்டாள்.

"என் ராஜா! கண்ணால பாத்தேன்டா! என்னமா வெடிச்சுது! மாடியே கைதட்டுச்சுடா, நானும் தட்டுனேன்! அம்மா இருந்து பாக்கக் குடுத்து வைக்கலியே!"

வேனிலிருந்து இறங்கினவர்கள் அங்கங்கே சிலையாக நின்றார்கள். ஒருத்தர் குனிந்து செருப்பைப் பார்த்தார். தம்பி அவள் கையை மெதுவாக எடுத்துவிட்டான். அவன் முகம் சுண்ணாம்பு அடித்த மாதிரி இருந்தது.

"எதுக்குக்கா கைதட்டுனே?"

"வெடிச்சுதேடா..."

"எதுக்கு வெடிச்சுதுன்னு வீட்ல மாமாகிட்ட கேளு" என்றான். தன் வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான்.

அவளுக்கு ஒன்றும் விளங்கவில்லை. கட்டிக்கொண்ட கை அப்படியே அந்தரத்தில் நின்றது. ரேடியோக்காரரிடம் கேட்க இதில் என்ன இருக்கிறது?

வீட்டில் அவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் சமையலறைத் தரையில் உட்கார்ந்திருந்தார். தண்ணீர்ச் செம்பு கையில் அப்படியே இருந்தது, குடிக்கவில்லை.

"தம்பி ஏதோ உளறறான். உங்ககிட்ட கேக்கச் சொல்றான். என்னங்க?"

"சொல்லக் கூடாது."

"சொல்லக் கூடாதுன்னா?"

"சொல்லக் கூடாதுன்னா சொல்லக் கூடாது." குரல் உடைந்திருந்தது.

மறுநாள் காலை வேன் டிரைவர் வந்தார். வீட்டுக்காரர் மூக்குக் கண்ணாடியை வேனிலேயே விட்டுவிட்டாராம். அவள் டிரைவரை விடவில்லை, வாசலை மறித்துக்கொண்டு நின்றாள்.

"நேத்து என்னங்க ஆச்சு?"

"நிஜமாவே தெரியாதாம்மா?" டிரைவர் இரண்டு பக்கமும் பார்த்தார். "நான் சொன்னேன்னு எங்கயும் சொல்லிடாதீங்க. ஏவுகணை தப்பான பக்கம் திரும்புச்சுன்னா ஊர்ல விழாம வானத்துலயே வெடிக்க வைக்கணும்ல? அதுக்கு ஒரு சாவி இருக்கு. அந்தச் சாவி சார் கையிலதான். எத்தனையோ வருஷமா. சும்மாவா எமன்னு பேரு வச்சாங்க? ஏவுகணை செய்யறவங்களுக்கெல்லாம் சாரப் பாத்தாலே கிலி."

"நேத்து வெடிச்சது...?"

"உங்க தம்பி செஞ்சதும்மா. சார்தான் வெடிக்க வச்சாரு."

அவள் நிலைப்படியைப் பிடித்துக்கொண்டாள். டிரைவர் சொல்லிக்கொண்டே போனார். ஜன்னல் இல்லாத சின்ன அறை. ஒரு நாற்காலி, ஒரு திரை. திரையில் இந்தப் பக்கம் ஒரு எல்லைக்கோடு, அந்தப் பக்கம் ஒரு எல்லைக்கோடு, நடுவில் நகர்ந்துபோகிற ஒரு புள்ளி. வேறு படம் கிடையாது. ஏவுகணை செய்கிறவர்கள் அந்த அறைக்குள் கால் வைக்க முடியாது. யாரிடமும் யோசனை கேட்க முடியாது. புள்ளி கோட்டைத் தொட்டால் சாவியைத் திருப்பியாக வேண்டும். "மனசு இளகிடக் கூடாதுன்னு, சோதனைக்கு முன்னாடி ஒரு மாசம் ரெண்டு கட்சியும் பேசவே கூடாதும்மா. ஒண்ணா உக்காந்து டீகூடக் குடிக்கக் கூடாது."

ஏணி. குடை. துண்டு. இத்தனை காலமும் தண்ணீர்த் தொட்டியைச் சுற்றிச் சுற்றி அவள் சேர்த்து வைத்தது எதை? சண்டையே இல்லாத இடத்திலா பஞ்சாயத்துப் பண்ணினாள்? இரண்டு பேரும் அவளை வைத்து நாடகம் ஆடியிருக்கிறார்கள்!

அந்தக் கோபமெல்லாம் சேர்ந்து வீட்டுக்காரர் தலையில் இறங்கியது.

"ஒரு சட்டை எடுக்க ஊரெல்லாம் கடை ஏறி எறங்குவீங்க. என் தம்பி பெத்த புள்ள மாதிரி வளத்தத வெடிக்க வைக்க மட்டும் எங்கேருந்து வந்துச்சு அவ்வளவு அவசரம்?"

"அவசரமா?" என்று அவர் நிமிர்ந்து பார்த்தார். அடி வாங்கின முகம். "அவசரம்னா சொல்ற?"

"கொஞ்சம் பொறுத்திருக்கக் கூடாதா? அவன்கிட்ட மன்னிப்பாவது கேளுங்க."

"மன்னிப்புக் கேக்க முடியாது. கேட்டா, செஞ்சது தப்புன்னு ஆயிடும். நாளைக்கு அந்த நாற்காலில உக்கார்றவன் கை ஓடாது."

"நல்லாத்தான் பேரு வச்சிருக்காங்க. எமனே!" என்றாள்.

சொன்னபிறகு அவளுக்கே நாக்கு எரிந்தது. ஆனால் திரும்ப விழுங்கவில்லை. தையல் மெஷினை ஒரு தள்ளுவண்டியில் ஏற்றித் தம்பி வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டாள். அவர் வாசலில் நின்று வண்டிச் சக்கரத்துக்குக் கல் கொடுத்து உதவினார்.

தம்பி வீட்டில் மட்டும் என்ன வாழ்ந்தது? அவன் விடிந்தால் விசாரணை என்று போவான், இருட்டினால் வருவான். சுவரைப் பார்த்துச் சாப்பிடுவான். டீச்சர்தான் அங்கே இங்கே கேட்டு வந்து சொன்னாள். "அண்ணன் அவசரப்பட்டுட்டாருன்னு ஒரு பக்கம் பேசறாங்களாம் அண்ணி. விட்டிருந்தா தானாத் திரும்பி நேரா போயிருக்குமாம்." அதைக் கேட்டதும், தான் கேட்ட கேள்வி சரிதான் என்று அவளுக்குத் தோன்றியது. ஆனால் தண்ணீர்த் தொட்டிக்கு அந்தப் பக்கம் சமையலறையில் விளக்கு எரிகிறதா என்று ஜன்னல் வழியாகப் பார்ப்பதை அவளால் விட முடியவில்லை. இந்தத் தடவை யாரிடம் டிபன் கேரியரைத் தூக்கிக்கொண்டு போவது? உண்மைச் சண்டையைச் சேர்த்து வைத்து அவளுக்குப் பழக்கமே இல்லை.

விசாரணை முடிந்த அன்றைக்குத் தம்பி மதியமே வந்துவிட்டான். அவள் வெட்டுப் பலகையில் துணி விரித்து அளவு போட்டுக்கொண்டிருந்தாள். வந்தவன் எதிரில் நின்றான். அவள் கையிலிருந்த சாக்கட்டியை வாங்கினான்.

"அக்கா, இதுதான் கடல். இங்கதான் கிளம்புச்சு." துணியில் ஒரு கோடு இழுத்தான். "இப்படிப் போயிருக்கணும். இப்படித் திரும்புச்சு."

"பாத்தேன். நாங்க மாடியிலேருந்து பாத்தோம்."

"தெரியும்." சாக்கட்டி துணியின் இந்த ஓரத்துக்கு வந்தது. ஒரு சின்னக் கட்டம் போட்டான். "விட்டிருந்தா தானாத் திரும்பியிருக்காது. இங்க வந்து விழுந்திருக்கும். இது நம்ம மாடி."

அவள் அந்தக் கட்டத்தையே பார்த்தாள். குட்டி தோளில் ஏறி நின்றதும், அதன் கையைப் பிடித்துத் தட்டியதும் ஞாபகம் வந்தது. கத்தரிக்கோலைக் கீழே வைக்க இடம் தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தாள்.

"எங்க தப்புதான்க்கா. ஏவுகணைக்குப் பின்னாடி துடுப்பு மாதிரி ரெண்டு இருக்கும். போற பக்கத்தத் திருப்பறது அதுதான். அத மேஜையில வச்சுப் பாக்கும்போது ஒயர் எட்டலன்னு கவுத்துப் போட்டுப் பாத்திருக்காங்க. கவுத்துப் போட்டா எடது வலமாயிடும்ல? மேஜையில எல்லாம் சரியா இருந்துச்சு. நிமித்தி மாட்டினதும் எல்லாம் தலைகீழ். எடது பக்கம் திரும்புன்னா வலது பக்கம் திரும்பும். தப்பைச் சரி பண்ணப் பண்ண இன்னும் தப்பாப் போகும்."

"சட்டை உள்பக்கம் திரும்பிக் கெடக்கறப்போ கையை மாத்தி வச்சுத் தச்ச மாதிரி" என்றாள், வாய் தானாகச் சொன்னது.

"அதேதான். அத்தனை பேரு பாத்தோம். ஒருத்தருக்கும் தோணல."

"அப்ப உங்க மாமா செஞ்சது..."

"இரு, இன்னும் இருக்கு." அவன் உட்கார்ந்தான். மெஷின் பக்கத்தில், சின்ன வயதில் உட்காருகிற மாதிரி தரையில். "சோதனைக்கு முன்னாடி தளத்துப் பெரியவர் என்னைக் கூப்பிட்டாரு. 'சாவிக்காரர் உனக்கு அக்கா வீட்டுக்காரர். இந்தத் தடவை வேற ஆளப் போடட்டுமா'ன்னு கேட்டாரு. நான்தான் வேணாம், அவரே இருக்கட்டும்னு சொன்னேன்."

"நம்பிக்கைல சொன்ன."

"இல்லக்கா. நான் நெனச்சது வேற. ஏதாவது கொஞ்சம் தப்பாப் போனா, வேற ஆளா இருந்தா ஒடனே சாவியத் திருப்பிடுவான். மாமான்னா நமக்காக ஒரு நொடி பொறுப்பாரு, அதுக்குள்ள சரியாயிடும்னு நெனச்சேன்."

பால் கொடுக்க ஆளில்லாமல் சர்க்கரைத் தண்ணீர் ஊட்டி வளர்த்த பிள்ளை. இப்படி ஒரு கணக்கு இவன் மனசில் எப்படி வந்தது?

"அடப்பாவி" என்றாள்.

"நான் கேட்டது கெடச்சுதுக்கா." "கோட்டைத் தொட்டதும் திருப்பணும். அவரு ஒடனே திருப்பல. ஒரு மூச்சு விடற நேரம் பொறுத்திருக்காரு. மிஷின்ல பதிவாயிருக்கு. தொட்ட ஒடனே திருப்பியிருந்தா எல்லாத் துண்டும் கடல்ல விழுந்திருக்கும். ஒரு துண்டு பள்ளிக்கூட மைதானத்துல விழுந்துச்சே, அது அந்த மூச்சு நேரம்தான். அன்னைக்கு லீவு. லீவு இல்லேன்னா..."

கதவோரம் டீச்சர் நின்றுகொண்டிருந்தாள். அவள் பள்ளிக்கூடம், அவள் பிள்ளைகள் விளையாடும் மைதானம். உள்ளே போய்க் குட்டியை இறுக்கிக் கட்டிக்கொண்டாள். குட்டி, "விடும்மா, வலிக்குது" என்று கத்தியது.

இவளுக்குக் காதில் தன் குரலே திரும்பத் திரும்பக் கேட்டது. கொஞ்சம் பொறுத்திருக்கக் கூடாதா? அவர் பொறுத்திருந்தார். அதனால்தான் அன்றைக்கு அந்த முகம். அதனால்தான் "அவசரமா?" என்று கேட்டார்.

"எந்திரி" என்றாள் தம்பியிடம். "வண்டியக் கூப்பிடு. மெஷின எடுத்து வை."

தண்ணீர்த் தொட்டியைச் சுற்றிக்கொண்டு இரண்டு பேரும் வண்டியைத் தள்ளிக்கொண்டு போனார்கள். கதவு திறந்தே கிடந்தது. அவர் ஒரு பழைய ரேடியோவைப் பிரித்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இரண்டு பேரையும் சேர்த்துப் பார்த்ததும் கையிலிருந்த திருப்புளி நழுவி விழுந்தது.

"சாப்டீங்களா?" என்றாள்.

"இல்ல. என்ன சமைக்கறதுன்னு முடிவு பண்ண முடியல."

அவளுக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. தம்பி வாசல்படியிலேயே நின்றான்.

"மாமா" என்றான். "எல்லாத்தையும் அக்காகிட்ட சொல்லிட்டேன். பெரியவர்கிட்டயும் சொல்லிட்டேன். உங்களுக்கும் சொல்லணும்..."

"எனக்குத் தெரியும் மாப்ள."

"என்ன தெரியும்?"

"வேற ஆள் போட வேணாம்னு நீ சொன்னதா கேள்விப்பட்டப்பவே தெரியும், எதுக்குன்னு. 'நானா இளகுவேன், பாத்துடலாம்'னு எனக்கும் ஒரு வீறாப்பு. அப்பவே நான் எந்திரிச்சிருக்கணும். உக்காந்தேன்." திருப்புளியைத் தேடி எடுத்து மேஜையில் நேராக வைத்தார். "எத்தனையோ தடவை அந்த நாற்காலில உக்காந்திருக்கேன். திரையில புள்ளியத் தவிர எதுவும் தெரிஞ்சதில்ல. அன்னைக்குப் புள்ளி கோட்டத் தொட்டப்ப, சட்டி ஓரத்துல நின்னு மீன் தின்னுவியே, அந்த மூஞ்சி தெரிஞ்சுது."

அவள் அடுப்பைப் பற்ற வைத்தாள். தீக்குச்சி ரெண்டு மூன்று வீணானது.

விசாரணையில் அவர்மேல் குற்றம் சொல்லவில்லை. மனுஷன் கைக்கு அந்த அளவு தாமதம் அனுமதிதான் என்று எழுதிவிட்டார்கள். பெரியவரே கூப்பிட்டு, "நீங்களே இருங்க, உங்கள மாதிரி ஆள் கெடைக்காது" என்று சொன்னார். அவர் கேட்கவில்லை. "ஒரு தடவை மூஞ்சி தெரிஞ்சவனுக்கு மறுபடியும் தெரியும் சார்" என்றார். ஒரு சட்டைக்கு மதியம் வரைக்கும் யோசிக்கிற மனுஷன், நாற்காலியைவிட்டு எழுந்திருக்க யோசிக்கவே இல்லை. அந்த இடத்துக்கு வேறு ஊரிலிருந்து ஒருத்தரைக் கொண்டுவந்தார்கள். இந்தக் குடியிருப்பில் அவருக்கு ஒட்டும் கிடையாது, உறவும் கிடையாது. அவர் யார் வீட்டுக்கும் போவதில்லை.

தம்பியை ஒரு வருஷம் தள்ளி வைத்தார்கள், பிறகு அதே வேலையைத் திரும்பக் கொடுத்தார்கள். அடுத்த ஏவுகணை கடலைப் பார்த்து நேராகப் போய் இலக்கை அடித்தது. மாடியில் யாரும் இல்லை. சோதனை நாளில் மாடிக் கதவுக்கெல்லாம் இப்போது பூட்டுப் போட்டுவிடுகிறார்கள். வெடிச் சத்தம் கேட்டபோது அவள் மெஷினை நிறுத்திவிட்டுக் காதைப் பொத்திக்கொண்டாள். தம்பி வந்து வாயால் சொன்னபிறகுதான் கையை எடுத்தாள்.

மாமனுக்கும் மாப்பிள்ளைக்கும் அதற்குப் பிறகு ஒரு மனஸ்தாபமும் வரவில்லை. ஏணி யார் வீட்டில் இருக்கிறது என்று யாரும் கேட்பதில்லை. கேன்டீன்காரர் மட்டும் பழைய வழக்கத்தை விடவில்லை, இன்றைக்கும் "எமன் சாருக்கு" என்றுதான் டீயைத் தனியாக எடுத்து வைக்கிறார்.

எமன் சார் இப்போது தளத்து வாசலையொட்டிய சின்னக் கட்டடத்தில், காவலர்களின் வாக்கி-டாக்கிகளைப் பழுது பார்க்கும் அறையில் இருக்கிறார்.